கேமராவுக்கு முன்னால நாம, பின்னால யாரு?

ஆவணப்பட உலகத்தில் நமக்கு நிரந்தர வேலை ஒன்று கொடுத்திருக்கிறார்கள். சாவது, அழுவது, பீ அள்ளுவது, தனிக்குவளையில் டீ குடிப்பது. அதைப் படம் பிடிப்பது இன்னொருத்தர் வேலை. பிடித்ததைக் குளிரூட்டப்பட்ட அரங்கில் உட்கார்ந்து பார்த்து உச்சுக் கொட்டுவது மூணாவது ஆள் வேலை. நாலாவதாக ஒருத்தர் மேடையேறிப் பரிசு கொடுப்பார். இந்த நாலு பேரில் மற்ற மூணு பேரும் ஊருக்கு ஊர் மாறுவார்கள். முதல் ஆள் மட்டும் எங்கே போனாலும் சேரியிலிருந்துதான் வருகிறான்.

இதை இப்போது எழுதக் காரணம், ஆனந்த் பட்வர்த்தனை வைத்து நம் தோழர்களுக்குள் நடக்கிற சண்டை. ஒரு தரப்புக்கு அவர் 'தலித்துகளின் குரல்'. நமக்குக் குரல் இல்லாதது போலவும், பம்பாயிலிருந்து ஒருத்தர் அதைக் கொண்டுவந்து நம் தொண்டையில் பொருத்தியது போலவும் பேசுகிறார்கள். இன்னொரு தரப்பு, 'பட்வர்த்தன் என்றால் சித்பவன் பார்ப்பனப் பெயர், வேறென்ன பேச இருக்கு' என்று ஒரே வரியில் முடித்துவிட்டு எழுந்து போகிறது. ரெண்டு தரப்புமே அவர் படங்களை முழுசாகப் பார்த்திருப்பார்களா என்பது எனக்குச் சந்தேகம். பார்த்தவர்கள் இவ்வளவு சுலபமாகப் பேசிவிட முடியாது.

பட்வர்த்தன் 1950இல் பிறந்தவர். எல்பின்ஸ்டன் கல்லூரி, பிறகு அமெரிக்காவில் பிராண்டைஸ், பின்னாளில் கனடாவில் மெக்கில் என்று படித்தவர். இந்தப் படிப்புக்குப் பின்னால் என்ன குடும்பம், என்ன வசதி இருந்திருக்கும் என்று நான் விளக்க வேண்டியதில்லை. ஆனால் அந்த வசதியை வைத்து அவர் என்ன செய்தார் என்பதையும் சேர்த்துப் பேசணும். 1974-75இல் பீகாரில் ஜெயப்பிரகாஷ் நாராயண் இயக்கத்தைப் படமெடுத்தார். காலாவதியான பிலிம் சுருளிலும் வீட்டுக் கேமராவிலும் எடுத்த படம் அது. அவசரநிலை வந்ததும் துண்டு துண்டாக வெளிநாட்டுக்குக் கடத்தப்பட்டது. அதன்பின் அரசியல் கைதிகள், பம்பாய் நடைபாதைவாசிகள், பஞ்சாப், அயோத்தி, நர்மதா, அணுகுண்டு என்று ஒவ்வொன்றாக எடுத்துக்கொண்டே போனார். தானே தயாரிப்பாளர், தானே கேமரா, தானே எடிட்டிங், தானே விநியோகம். யாரோ காசு கொடுத்து 'இதை எடு' என்று சொல்லி எடுத்த படங்கள் இல்லை இவை. அதனால்தான் ஒரு படத்துக்கு வருசக்கணக்கில் காத்திருக்க அவரால் முடிந்தது.

எடுத்தது பாதி வேலை, காட்டுவது மீதி வேலை. அந்த மீதி வேலையை அவர் கோர்ட்டில் செய்தார். மக்கள் வரிப்பணத்தில் ஓடும் தூர்தர்ஷன் மக்களைப் பற்றிய படத்தைப் போடாது என்றால் எப்படி என்று படத்துக்குப் படம் வழக்குப் போட்டு ஒளிபரப்ப வைத்தார். மதவெறியையும் ஆண்மைத் திமிரையும் சேர்த்து வைத்துப் பேசும் 1995ஆம் ஆண்டுப் படத்துக்காக உச்சநீதிமன்றம் வரைக்கும் போனார். 2006இல்தான் தீர்ப்பு வந்தது. 'ராம் கே நாம்' 1992இல், மசூதி இடிக்கப்படும் முன்பே வெளிவந்த படம். அதில் கோயிலுக்கென்று நீதிமன்றம் நியமித்த பூசாரி லால்தாஸ் பேசுகிறார். வி.இ.ப.காரர்கள் ராமரை வைத்துக் காசு பண்ணுவதாக முகத்துக்கு நேரே சொல்கிறார். 1993இல் அவரைக் கொன்றுவிட்டார்கள்.

'போரும் அமைதியும்' படத்துக்கு நடந்தது நமக்கு நேரடியாகச் சம்பந்தப்பட்டது. 1998 மே 11, புத்த பூர்ணிமை. அன்றைக்குப் பார்த்து பொக்ரானில் குண்டு வெடித்தார்கள். பௌத்தம் தழுவிய தலித்துகளுக்கு அது எப்படி இருந்திருக்கும்? அதை ஒரு தலித் தலைவர் படத்தில் பேசுகிறார். தணிக்கைக் குழு 2002இல் வெட்டச் சொன்ன பட்டியலில் அந்தப் பேச்சும் இருந்தது. காந்தியைக் கொன்றவன் சாதியைச் சொல்லாதே, புத்தரைப் பற்றித் தலித் பேசுவதைக் காட்டாதே. இந்த நாட்டில் தணிக்கை என்பது எந்தச் சாதியின் கத்தரிக்கோல் என்று இதைவிடப் பச்சையாகச் சொல்லிவிட முடியுமா? பட்வர்த்தன் ஒரு வெட்டுக்கும் ஒத்துக்கொள்ளவில்லை. 2003இல் பம்பாய் உயர்நீதிமன்றம் வெட்டில்லாமல் காட்ட உத்தரவிட்டது. இந்த மனுசனை ஒரே வரியில் தள்ளிவிடுகிற தோழர்கள் இதற்கு என்ன சொல்வார்கள்?

இப்போது மறுபக்கத்துக்கு வருகிறேன்.

1985இல் அவர் எடுத்த 'பம்பாய் நம் நகரம்' குடிசை இடிப்பைப் பற்றியது. அதில் ஒரு காட்சி வருகிறது. குடிசையைப் பிரித்துப் போட்டுவிட்டார்கள். தட்டுமுட்டுச் சாமான் தெருவில் கிடக்கிறது. அந்த இடத்தில் நிற்கும் ஒரு பெண் கேமராவைப் பார்த்துத் திட்ட ஆரம்பிக்கிறார். ஏழைகளைப் படம் பிடித்து நீ பேர் வாங்கிக்கொள்வாய், எங்களுக்கு என்ன கிடைக்கும் என்கிற மாதிரி ஒரு திட்டு. முனிசிபாலிடியைத் திட்டவில்லை, போலீசைத் திட்டவில்லை. படமெடுக்க வந்தவரைத் திட்டுகிறார்.

பட்வர்த்தன் அதை வெட்டி எறியாமல் படத்தில் வைத்திருக்கிறார். 'பாத்தீங்களா, என்ன ஒரு நேர்மை' என்று சினிமா எழுத்தாளர்கள் அன்றிலிருந்து இன்றுவரை அந்தக் காட்சியைப் பாராட்டி எழுதிக்கொண்டிருக்கிறார்கள். அங்கேதான் எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது. கேள்வி கேட்டது அந்தப் பெண். பாராட்டு போனது இயக்குநருக்கு. தன்னைத் திட்டியதைக்கூடத் தன் கணக்கில் வரவு வைத்துக்கொள்ள முடிகிற இடத்தில் ஒருத்தர் இருக்கிறார் என்றால், அந்த இடத்துக்குப் பெயர்தான் அதிகாரம். இதைப் பட்வர்த்தன் என்ற தனி மனிதரின் குணத்தைப் பற்றிச் சொல்லவில்லை. நடைபாதையில் நிற்கும் பெண்ணிடம் கேமரா இல்லை, எடிட்டிங் மேசை இல்லை, அவர் கேள்விக்குப் பதில் சொல்ல வேண்டிய கட்டாயம் யாருக்கும் இல்லை. அந்தக் கேள்வி நாற்பது வருசமாக அப்படியே நிற்கிறது.

எம்.ஏ. படிக்கும்போது ஆற்றுப்படை நூல்களை விழுந்து விழுந்து படித்தோம். சிறுபாணாற்றுப்படை, பெரும்பாணாற்றுப்படை. ஒரு பாணன் தன் பசியையும் வறுமையையும் சொல்லி இன்னொரு பாணனைக் கொடையாளியிடம் அனுப்புவதாகப் பாட்டு. ஆனால் பாடியது பாணன் இல்லை, புலவர்! யாழ் தூக்கித் தெருத்தெருவாய்ப் பாடிய பாணனின் சொந்தப் பாட்டு எங்கே போச்சு? ஏட்டில் ஏறவில்லை. அவன் பசி ஏறியிருக்கிறது. அதையும் பாடத்தில் 'என்னே வறுமைச் சித்திரிப்பு' என்று நயம் பாராட்டச் சொன்னார்கள். வறுமைச் சித்திரிப்புக்குப் பத்து மார்க். ஆவணப்படத்தையும் ஆற்றுப்படையையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் பெரிய வித்தியாசம் ஒன்றும் எனக்குத் தெரியவில்லை.

'ஜெய்பீம் காம்ரேட்' இந்தச் சிக்கலின் நடு மையத்தில் நிற்கிற படம். 1997 ஜூலை 11 காலை, பம்பாய் காட்கோபரில் ரமாபாய் நகர். அண்ணல் சிலைக்குச் செருப்பு மாலை போட்டிருந்தது. ஜனங்கள் கூடி மறியல் செய்தார்கள். மாநில ரிசர்வ் போலீஸ் படை வந்தது, சுட்டது. பத்து பேர் செத்தார்கள். டேங்கர் லாரியைக் கொளுத்த வந்தார்கள், அதனால் சுட்டோம் என்றது போலீஸ். அப்போது ஆட்சியில் இருந்தது சிவசேனா - பா.ஜ.க. கூட்டணி. சில நாள் கழித்து விலாஸ் கோக்ரே என்ற பாடகர் தூக்குப் போட்டுக்கொண்டார். இடதுசாரி மேடைகளில் ஊர் ஊராகப் பாடியவர். 'பம்பாய் நம் நகரம்' படத்தில் பாடியவரும் அவரே. ஆவாஹன் நாட்டிய மஞ்ச் என்ற அவருடைய அமைப்பு அதற்கு முன்பே அவரை நீக்கியிருந்தது. சாகும்போது தலையில் நீலத்துணி கட்டியிருந்தார். சிவப்பு இல்லை, நீலம்.

அந்த நீலத்துணிதான் பட்வர்த்தனைப் பதினாலு வருசம் அலைய வைத்தது. படம் 2011இல் முடிந்தது. மூணு மணி நேரத்துக்கு மேல் ஓடுகிறது, நிறையப் பாட்டு. சாகிர்கள், கவாலி பாடுகிறவர்கள், வீட்டு வாசலில் உட்கார்ந்து பாடுகிற பெண்கள். கையுறையில்லாமல் குப்பை அள்ளுகிறவர்கள், கயர்லாஞ்சி, துப்பாக்கிச்சூடு வழக்கின் இழுபறி எல்லாம் வருகிறது. சுட உத்தரவிட்ட மனோகர் கதம் என்ற அதிகாரிக்கு 2009இல்தான் ஆயுள் தண்டனை கிடைத்தது. கொஞ்ச நாளிலேயே ஜாமீனும் கிடைத்தது. டிசம்பர் 6க்குச் சைத்யபூமியில் லட்சக்கணக்கில் கூடும் ஜனங்களைப் பற்றி, அந்தப் பகுதியில் நல்ல வீடுகளில் இருப்பவர்கள் மூக்கைப் பொத்திக்கொண்டு பேசுவதும் வருகிறது. நம் தலைவர்களையும் படம் விட்டுவைக்கவில்லை. சுட்ட ஆட்சிக்காரர்களோடு மேடையேறிக் கைகோத்தவர்களைக் காட்டுகிறது. 2011இல் அத்வாலேயின் குடியரசுக் கட்சி அதே சிவசேனா - பா.ஜ.க. அணிக்குப் போய்ச் சேர்ந்தது தெரிந்த கதை. இது நமக்கு வலிக்கும். வலிக்கட்டும்.

அந்தப் படத்தில் எனக்குப் பெரிசாகப் படுவது, விலாஸ் கோக்ரேயைப் பற்றி இடதுசாரிகளை உட்காரவைத்துப் பேச வைத்தது. வர்க்கம், வர்க்கம் என்று சொல்லிச் சொல்லி சாதியைக் கதவுக்கு வெளியே நிறுத்தியவர்கள் நம் ஊரிலும் உண்டு. அவன் ஏன் நீலத்துணி கட்டினான் என்று அவர்கள் யோசிக்கவே இல்லை. யோசிக்க வைத்தவர் ஒரு இடதுசாரிப் படக்காரர். அதை மறுக்க மாட்டேன். படத்தைத் திருவிழாக்களுக்கு அனுப்பியதோடு நிறுத்தாமல் பம்பாய் தலித் குடியிருப்புகளில் திறந்தவெளியில் திரை கட்டிக் காட்டினார் என்பதையும் மறுக்க மாட்டேன்.

ஆனாலும் கேட்கிறேன். பதினாலு வருசம் ஒரு சமூகத்தின் பாட்டைச் சேகரித்த கைகளில் அந்தச் சமூகத்தின் கைகள் எத்தனை? படத்தில் நாம் பாடுகிறோம், ஆடுகிறோம், சாகிறோம், போராடுகிறோம். யோசிக்கிற இடத்தில், ஒன்றோடொன்றை இணைத்து 'இதன் அர்த்தம் இது' என்று சொல்கிற இடத்தில் நாம் எங்கே? மராட்டியத்தில் தலித் பேந்தர் காலத்திலிருந்து எழுத்தாளர்களுக்கும் சிந்தனையாளர்களுக்கும் பஞ்சமா? பாட்டு நம்முடையது, பொழிப்புரை அவருடையது.

படத்தில் பாடிய கபீர் கலா மஞ்ச் பிள்ளைகளுக்கு என்ன ஆச்சு என்று பாருங்கள். மாவோயிஸ்ட் முத்திரை குத்தப்பட்டு 2011இல் தலைமறைவானார்கள். 2013 ஏப்ரலில் ஷீத்தல் சாட்டேயும் சச்சின் மாலியும் சட்டமன்றத்தின் முன் வெளிப்படையாக வந்து பிடிகொடுத்தார்கள். பீமா கோரேகான் வழக்கில் 2020 செப்டம்பரில் சாகர் கோர்க்கே, ரமேஷ் கைச்சோர், ஜோதி ஜக்தாப் கைதானார்கள். வருசக்கணக்கில் சிறை. பட்வர்த்தன் அவர்களுக்காகப் பாதுகாப்புக் குழு அமைத்து நின்றார், அது நியாயம். ஆனால் ஒரே படத்தில் இருந்த ரெண்டு பேரில் ஒருத்தர் விருதுக்கும் ஒருத்தர் ஜெயிலுக்கும் போகிறார்கள். இது அவர் செய்த தப்பில்லை, இந்த நாடு செய்கிற கணக்கு. ஆனால் ஆவணப்படம் பற்றி எழுதுகிறவர்கள் இந்தக் கணக்கைப் பார்க்காமல் 'ஷாட்' பற்றியே எழுதிக்கொண்டிருந்தால் நான் என்ன சொல்ல?

இவ்வளவும் பட்வர்த்தன் மாதிரி நேர்மையான ஆளைப் பற்றி. மத்தவங்க கதை வேற.

எங்க ஊர் திருநெல்வேலிப் பக்கம். நான் கல்லூரியில் படித்த காலத்தில் ஒரு தொண்டு நிறுவனம் வேனில் வந்து இறங்கியது. டீக்கடையில் தனிக்குவளை இருக்கிறது, அதைப் படமாக்கணும் என்றார்கள். நல்ல காரியம்தான். எங்க சித்தியைப் போய் வாங்கிக் குடிக்கச் சொன்னார்கள். குடித்தார். 'அம்மா, இன்னொரு தடவ வாங்குங்கம்மா, வெளிச்சம் சரியா விழல' என்றார் கேமராக்காரர். மூணு தடவை. மூணாவது தடவை சித்தி கேட்டார்: 'எய்யா, நெசமாவே வாங்குதப்ப எனக்கு யாருய்யா லைட்டு புடிச்சா?' கேமராக்காரர் சிரித்தார். அதுவும் நல்லா இருக்கு, அப்படியே திருப்பிச் சொல்லுங்கம்மா என்றார்! சித்தி கிளாசைக் கவிழ்த்து வைத்துவிட்டு வந்துவிட்டார். கடைசியாக ஒரு தாளை நீட்டி எல்லாரிடமும் கைரேகை வாங்கினார்கள். இங்கிலீஷில் இருந்தது. நான் வாங்கிப் படித்தேன். உருவம், குரல், எல்லா உரிமையும் எல்லா நாட்டிலும் எல்லாக் காலத்துக்கும் அவர்களுக்கே என்று இருந்தது. வேன் போனபிறகு டீக்கடைக்காரன் எங்க தெருவுக்கு மூணு மாசம் டீயே தரவில்லை. அந்தப் படம் எந்த நாட்டில் ஓடியதோ, எங்க ஊரில் ஓடவில்லை.

உருவத்தை எழுதி வாங்கிக்கொள்கிறவர்களுக்கு 2022இல் ஒரு பதில் கிடைத்தது. உத்தரப்பிரதேசத்தில் சித்ரகூடிலிருந்து 2002 முதல் தலித் பெண்கள் முன்நின்று நடத்திவரும் 'கபர் லகரியா' பத்திரிகையைப் பற்றி 'ரைட்டிங் வித் ஃபயர்' என்ற படம் வந்தது. சன்டான்ஸ் விழாவில் 2021இல் பரிசுகள் வாங்கியது. ஆஸ்கார் இறுதிப் பட்டியல் வரைக்கும் போனது. விருது நாளுக்குச் சில நாள் முன்பு அந்தப் பத்திரிகைக்காரப் பெண்களே அறிக்கை விட்டார்கள். படம் மனசைத் தொடுகிறது, ஆனால் எங்கள் வேலையில் ஒரு பகுதியை மட்டும் எடுத்துக்கொண்டு, ஏதோ ஒரே கட்சியைத் துரத்துவதே எங்கள் பிழைப்பு என்பதுபோல் காட்டுகிறது, அது முழு உண்மையில்லை என்பது அதன் சாரம். உடனே என்ன சொன்னார்கள் முற்போக்கு நண்பர்கள்? நன்றி கெட்டவர்கள், பயந்துவிட்டார்கள், நேரம் பார்த்துக் காலை வாருகிறார்கள் என்றார்கள். இருபது வருசமாகச் செய்தி எழுதுகிற பெண்களுக்குத் தங்களைப் பற்றி வந்த செய்தியைத் திருத்த உரிமை கிடையாதா? 1985இல் தெருவில் நின்று திட்டிய பெண்ணுக்குப் பத்திரிகை இருந்திருந்தால் இப்படித்தான் ஒரு அறிக்கை வந்திருக்கும்.

தமிழ்நாட்டில் நமக்கு நல்ல முன்மாதிரிகள் இருக்கின்றன. மதுரையில் துப்புரவு வேலை செய்யும் ஒரு பெண்ணின் பின்னாலேயே நடந்துபோய் அமுதன் 'பீ' எடுத்தது 2003இல். அந்தப் படத்தைப் பார்த்து அரங்கில் மூக்கைப் பொத்தினவர்களை நான் பார்த்திருக்கிறேன். திரையிலிருந்து வாடை வருமா? வந்திருக்கிறது. 1999 ஜூலை 23 அன்று மாஞ்சோலைத் தொழிலாளர் ஊர்வலத்தைத் தாமிரபரணிக்குள் அடித்துத் தள்ளி 17 பேரைச் சாகடித்தார்கள். தண்ணீரில் மூழ்கிச் செத்தார்கள் என்றது அரசுத் தரப்பு. காஞ்சனை திரைப்பட இயக்கத்தின் ஆர்.ஆர். சீனிவாசன் எடுத்த படம் இல்லையென்றால் அந்தப் பொய் இன்னும் கொஞ்சம் சொகுசாக உலவியிருக்கும். திவ்யபாரதியின் 'கக்கூஸ்' 2017இல் வந்தது. மலக்குழிச் சாவுகளை ஒவ்வொன்றாக எண்ணி வைத்தது. திரையிடப் போன ஊர்களில் போலீஸ் தடுத்தது. 2009இல் விடுதி மாணவர் ஒருவர் பாம்பு கடித்துச் செத்ததற்காக நடந்த போராட்டத்தின் பழைய வழக்கைத் தோண்டியெடுத்து அந்த ஜூலையில் அவரைக் கைது செய்தார்கள். பிறகு எங்கிருந்தெல்லாமோ மிரட்டல். அந்த மிரட்டலில் நம் பக்கத்துக் கட்சிக்காரர்களும் இருந்தார்கள் என்பதை மறைத்துப் பேசுவதில் அர்த்தமில்லை. குழிக்குள் இறங்கிச் சாகிறவன் எந்த உட்சாதி என்று படத்தில் பேர் சொல்லப்பட்டதில் மானம் போய்விட்டதாம். செத்ததில் போகாத மானம்!

இப்போது நம் பிள்ளைகள் கேமராவைக் கையில் எடுத்துவிட்டார்கள். சோம்நாத் வாக்மாரே பீமா கோரேகான் பற்றி 2017இல் எடுத்தார். பிறகு 'சைத்யபூமி' எடுத்தார். அதே டிசம்பர் 6 கூட்டம்தான், ஆனால் இதில் கேமரா கூட்டத்துக்குள்ளிருந்து நடந்து வருகிறது. ஜோதி நிஷா அண்ணலைப் பற்றிய படத்துக்கு ஜனங்களிடம் காசு திரட்டினார். பா. ரஞ்சித்தின் நீலம் கைகொடுத்தது. இவர்கள் எடுத்ததால் மட்டுமே நல்ல படம் என்று நான் சான்றிதழ் கொடுக்க மாட்டேன். அது இன்னொரு மோசடி. நம்ம ஆள் எடுத்த மோசமான படத்தை மோசம் என்று சொல்ல நமக்கு உரிமை வேண்டும். அந்த உரிமை வர, முதலில் நாலு படமாவது நம்மிடம் இருக்கணும்.

பட்வர்த்தன்களிடம் கேட்க வேண்டியது அனுதாபம் இல்லை. எடுத்த மணிக்கணக்கான ஒளிப்பதிவு எங்கே இருக்கிறது, அது யாருக்குச் சொந்தம்? பதினாலு வருசத்தில் படத்தில் வந்தது மூணு மணி நேரம் என்றால் வராத பாட்டு எவ்வளவு? விலாஸ் கோக்ரே மாதிரிப் பாடகர்களின் குரல் அதில் எத்தனை இருக்கும்? அது ரமாபாய் நகர்ப் பிள்ளைகள் எடுத்துப் பார்க்கிற இடத்தில் இருக்க வேண்டாமா? தாமிரபரணிக்கரை ஒளிப்பதிவும் அப்படித்தான். கேசட் காலத்து நாடா பூஞ்சை பிடித்து அழிந்துபோகும். அழிந்தால் அழிவது இயக்குநரின் படைப்பு மட்டுமில்லை, நம் சாட்சியம்.

எங்க தெருவில் இப்போது யார் கேமரா தூக்கி வந்தாலும் முதலில் உட்காரவைத்துப் பேசுகிறோம். தாளைத் தமிழில் எழுதிக் கொடு. எடுத்ததில் ஒரு பிரதியை நூலகத்தில் வை. எடிட்டிங் முடிக்கும் முன்பு தெருவுக்குப் போட்டுக் காட்டு. கேமரா பிடிக்க எங்க பையன்களில் ரெண்டு பேரைச் சேர்த்துக்கொள், சம்பளம் கொடு. பாதிப் பேர் திரும்ப வருவதில்லை. வந்தவர்களில் ஒருத்தர் நல்லாவே எடுத்தார், தெருக்காரர்கள் ரெண்டு இடத்தை எடுத்துவிடச் சொன்னார்கள், எடுத்தார்.

வருகிற டிசம்பர் 6க்கு 'ஜெய்பீம் காம்ரேட்' போடுவதாக முடிவு செய்திருக்கிறோம். அத்வாலே கதை வரும் இடத்தில் எழுந்து போகிறவர்கள் போகட்டும். மராட்டிப் பாட்டுக்கு இங்கிலீஷ் எழுத்து ஓடுவதை வைத்து எங்க ஜனங்கள் என்ன செய்வார்கள்? தாராவியில் முப்பது வருசம் தோல் வேலை பார்த்துத் திரும்பி வந்த பெரியவர்கள் எங்க ஊரில் நாலு பேர் இருக்கிறார்கள், மராட்டியும் இந்தியும் தண்ணிபட்ட பாடு. மைக்கைப் பிடித்துக்கொண்டு வரிக்கு வரி தமிழில் சொல்ல ஒத்துக்கொண்டார்கள். மூணு மணி நேரத்துக்கு மேல் ஓடுகிற படம், நாலு பேருக்குத் தொண்டை கட்டிவிடும். பம்பாய்ப் பழக்கமுள்ள தோழர்கள் இன்னும் ரெண்டு பேர் வந்தால் மாற்றி மாற்றிப் பேச வசதியாக இருக்கும்.